கதவு பூட்டியிருந்தது

முப்பத்து மூன்று வருட சர்வீசில் ‘கதவு பூட்டியிருந்தது’ என்று ஒரு தடவைகூடத் தான் எழுதியதில்லை என்று கோர்ட்டு அமீனா சொன்னதும், நீதிமன்ற வளாகமே வயிற்றைப் பிடித்துக்கொண்டது. எழுந்து நிற்க இரண்டு ஆள் துணை வேண்டிய கிழட்டு வக்கீல், துணையில்லாமலே எழுந்து நின்று சிரித்துவிட்டு உட்கார்ந்தார்.

முதல் சிரிப்பு லாரிக்காரருடையது.

அவருக்குத் தெரியாததா? கோர்ட்டு காலி செய்கிற வீடுகளின் தட்டுமுட்டுச் சாமான்களை ஏற்றி இறக்குவதே அவர் பிழைப்பு. ஏழு அமீனாக்களோடு போனவர். பாதி நாள் வெறும் லாரியோடு திரும்பியவர்.

“அண்ணே, புளுகுறதுக்கும் ஒரு அளவு வேணும்ணே. இவ்வளவு பாரம் என் லாரியே தாங்காது!”

“இன்னிக்கு ஒரு வாரண்டு இருக்கு தம்பி. வந்து பாருங்க.”

அமீனாவோடு வழக்கமாகப் போகும் வண்டிக்காரர் கண் ஆபரேஷன் செய்துகொண்டு படுத்துவிட்டார். அதனால் லாரிக்காரருக்கு இவரோடு அன்றுதான் முதல் பயணம்.

வீட்டுக்காரரும் குடியிருப்பவரும் வருடக்கணக்கில் மல்லுக்கட்டி, களைத்துப்போய், சமரசமாவார்கள். இன்ன தேதிக்குள் காலி செய்கிறேன் என்று கையெழுத்தாகும். தேதி வரும். வீடு காலியாகாது. சமரசத் தீர்ப்புக்கு அப்பீலும் கிடையாது. அப்போதுதான் சிவில் கோர்ட்டு வாரண்டைக் கொடுத்து அமீனாவை அனுப்பும்.

போன அமீனா ‘கதவு பூட்டியிருந்தது’ என்று எழுதித் திருப்பிவிட்டால் தீர்ந்தது. பூட்டை உடைக்கத் தனி மனு, தனி உத்தரவு, நடுவில் நாலு வாய்தா. குடியிருப்பவருக்கு இன்னும் நான்கு மாதம் தலைக்குமேல் கூரை.

அந்த இரண்டு வார்த்தைக்காக அமீனாவின் காலில் விழுந்தவர்களை வரிசையில் நிறுத்தினால், வரிசை ஊரைத் தாண்டிப் பக்கத்து ஊரையும் ஒரு சுற்றுச் சுற்றிவரும்.

அமீனாவைக் கண்டு குரைக்காத தெருநாய் உலகத்தில் கிடையாது. அன்று லாரி போய் நின்ற தெருவின் நாயோ வாலை ஆட்டியது. ஆட்டிய ஆட்டில் வால் கழன்று எதிர்வீட்டு மொட்டைமாடியில் விழுந்துவிடும்போல் இருந்தது.

லாரிக்காரர் அதற்கும் சிரித்தார். அமீனா சிரிக்கவில்லை.

வாசலில் குடையோடு வீட்டுக்கார அம்மா நின்றிருந்தார். மகள் கைக்குழந்தையோடு திரும்பி வந்துவிட்டாள், அவளுக்கு வீடு வேண்டும் என்று கேஸ் போட்டவர். சமரசத்தில் ஆறு மாதம் தவணை கொடுத்தவர். பதினோரு மாதம் ஆகிவிட்டது. வாரண்டுக்கு அன்றே கடைசி நாள்.

கதவில் குழந்தையின் தலையளவுக்கு ஒரு பூட்டு.

லாரிக்காரர் வண்டியை அணைக்கவேயில்லை. எப்படியும் திரும்பத்தானே போகிறோம்.

அமீனா படியில் உட்கார்ந்து, தாளை முழங்காலில் வைத்து, சாமான் பட்டியலை எழுத ஆரம்பித்தார். பீரோ ஒன்று, வலது கதவு சாத்தாது. கட்டில் ஒன்று, ஒரு காலுக்கு அட்டை முட்டுக்கொடுத்தது. மாவரைக்கிற மிஷின், ஓடாது.

பிடிபட்டார்! உள்ளே எட்டிக்கூடப் பார்க்காமல் பட்டியல் எழுதுகிற ஆளா நமக்குக் கதை சொன்னார்? நாளைக்கு வளாகத்தில் இதை நடித்தே காட்டிவிட வேண்டியதுதான் என்று லாரிக்காரருக்கு உள்ளங்கை அரித்தது.

அப்போதுதான் வீட்டுக்கார அம்மா, குடையைப் பார்த்துக்கொண்டே முணுமுணுத்தார்.

“பூட்டியிருந்துச்சுன்னே எழுதிடுங்களேன் சார். நாங்க இன்னும் கொஞ்ச நாள் சமாளிச்சுக்கிறோம்.”

லாரிக்காரர் வண்டியை அணைத்தார். ஜெயித்த கட்சி இப்படிக் கேட்டு அவர் பார்த்ததேயில்லை.

“இத்தனை பேருக்கு எழுதலையேம்மா. இனிமே அவங்க மூஞ்சியில எப்படி முழிக்கிறது?”

அமீனா எழுந்தார். சட்டைப்பையில் கைவிட்டு ஒரு சாவியை எடுத்தார். பூட்டு ஒரே திருப்பில் திறந்தது.

ஓகோ, கள்ளச்சாவியா என்று நினைத்தபடியே லாரிக்காரர் உள்ளே போனார்.

பீரோவின் வலது கதவு சாத்தவில்லை. கட்டிலுக்கடியில் அட்டை இருந்தது. சுவரில் ஒரு கல்யாணப் படம். மாப்பிள்ளைக்குத் தலை நிறைய முடி, முகம் நிறைய வெட்கம்.

மூக்கு மட்டும் அமீனாவின் மூக்கு.

வாரண்டில் இருந்தது அவர் மனைவியின் பெயர். அதனால் கோர்ட்டில் ஒருவர் கண்ணிலும் படவில்லை. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் வேறு அமீனாவுக்கு மாற்றியிருப்பார்கள். அந்த வேறு அமீனா கதவு பூட்டியிருந்தது என்று கண்ணை மூடிக்கொண்டு எழுதியிருப்பார்.

அவர் மனைவி காலையிலேயே ஒரு பையோடு தன் தம்பி வீட்டுக்குப் போயிருந்தாள். அங்கே ஒருவர் படுக்கத்தான் இடம்.

லாரிக்காரர் எல்லாவற்றையும் ஏற்றினார். படத்தைத் தன் சீட்டுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டார். வீட்டுக்கார அம்மா சாவியை வாங்கிக்கொண்டு, பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்துப் போட்டார். கையெழுத்து கோணலாக விழுந்தது.

“எங்கண்ணே இறக்கணும்?”

அமீனா வாரண்டை நான்காக மடித்தார்.

“அமீனாவுக்கு எவன் வீடு குடுப்பான் தம்பி? நாளைக்குக் காலி பண்ணச் சொன்னா சட்டம் பேசுவான்னு பயப்படுறான். பதினோரு மாசமா கேட்டாச்சு. நீங்க நாலு தெரு சும்மா சுத்துங்க. யோசிச்சுச் சொல்றேன்.”

மறுநாள் வளாகத்தில் கிழட்டு வக்கீல் காத்துக்கொண்டிருந்தார். நேற்று பூட்டியிருந்ததா, எத்தனை பூட்டு என்று கேட்டு, பதில் வருவதற்குள்ளேயே சிரிக்கத் தொடங்கினார். எல்லோரும் லாரிக்காரரின் வாயைப் பார்த்தார்கள்.

“எழுதல சார்” என்றார் லாரிக்காரர். “சாமான் இன்னும் என் லாரியிலதான் இருக்கு.”