உப்பை நகர்த்திய கை

கடைசியாக மிஞ்சியிருந்தது அவனுடைய கை.

மேசையின் ஓரத்திலிருந்து நீளும். உப்புக் கிண்ணத்தை மகன் பக்கம் நகர்த்தும். திரும்பிப் போகும். அவ்வளவுதான்.

முகம் எப்போதோ போய்விட்டது. குரல் போய்விட்டது. கண்ணாடியில் தெரிந்த பாதி முகம், ஊருக்கே தெரிந்த அந்த நடை, எல்லாவற்றையும் படத்திலிருந்து அவளேதான் ஒவ்வொன்றாக வெட்டி எடுத்தாள்.

இன்று காலை கையையும் எடுத்துவிட்டாள்.

காட்சியை மறுபடி ஓட்டினாள். மகன் இரண்டு தட்டு வைக்கிறான். கதவைப் பார்க்கிறான். ஒருவரும் வரவில்லை. உப்பைத் தானே எட்டி எடுத்துக்கொள்கிறான்.

படப்பிடிப்பில், அப்பனாக நடித்த சவேலி உப்பை நகர்த்த மறந்துபோன டேக் அது. ஆகாது என்று ஒதுக்கி வைத்தது.

பாழாய்ப்போன காட்சி, அவ்வளவு நன்றாக இருந்தது.

சவேலி நாட்டை விட்டுப் போய் ஒரு குளிர்காலம் முடிந்துவிட்டது. நடித்து முடித்த சூட்டோடு ஒரு விருது மேடையில் ஏறி, போர் வேண்டாம் என்றான். அதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. மறுநாளே அவன் நடித்துவந்த நாடக அரங்கின் வாசலில் இருந்த அவன் படத்தை இறக்கினார்கள். அவன் யெரெவானுக்கு விமானம் ஏறினான்.

தயாரிப்பாளர் இந்த எடிட்டிங் அறைக்கு வந்து, உட்காரக்கூடச் செய்யாமல் சொல்லிவிட்டுப் போனார். அந்த ஆள் அடையாளம் தெரிந்தால் படம் வெளிவராது. இயக்குநர் காய்ச்சல் என்று வீட்டில் படுத்துக்கொண்டார்.

கையைப் பற்றி யாரும் ஒன்றும் சொல்லவில்லை. கை யாருடையது என்று யாருக்குத் தெரியப்போகிறது?

அவளுக்கு ஒரு நப்பாசை இருந்தது. கதையே அப்பனுடையது. அப்பனைப் பிடுங்கினால் படம் பொத்தென்று விழுந்துவிடும். தயாரிப்பாளரைக் கூப்பிட்டு, பாருங்கள், முடியவில்லை என்று கையை விரித்துவிடலாம்.

படம் விழவில்லை.

அவனை எடுக்க எடுக்க நிமிர்ந்து உட்கார்ந்தது. அப்பன் பேசிய பேச்செல்லாம் போய், வராத அப்பனுக்காகக் காத்திருக்கும் மகனின் கதையாகிவிட்டது. இத்தனை வருட வேலையில் இப்படி ஒன்று அவளுக்கு அமைந்ததே இல்லை. அழுகை வந்தது. தன் மேலேயே அருவருப்பாக இருந்தது. ஆனாலும் நிறுத்த முடியவில்லை.

நேற்று வரை கை மட்டும்தான் உறுத்திக்கொண்டே இருந்தது. அதுவும் போனால் படம் முழுசாகிவிடும் என்று அவளுக்குத் தெரியும்.

போன் அடித்தது. வீடியோவில் சவேலி.

மெலிந்திருந்தான். ஏதோ ஒரு சமையலறை. கழுத்தில் மப்ளர்.

அவனுடைய இரண்டு மனைவிகளும் சேர்ந்து பார்த்ததைவிட அதிகமாக அந்த முகத்தைப் பார்த்தவள் அவள். ஒவ்வொரு படத்துக்கும் இந்த அறைக்கு வருவான். சூரியகாந்தி விதையைக் கொறித்துக்கொண்டு நாற்காலிக்குப் பின்னால் நிற்பான். நான் எங்கே சொதப்பியிருக்கிறேன், சொல் என்பான். இயக்குநர்கள் அவனுக்கு ஜால்ரா போடுவார்கள். அவள் போட்டதில்லை. அதனால்தான் அவளை மட்டும் கேட்பான்.

பொய் சொல்லும் காட்சி வந்தால் அவனுக்கு இமை தட்டிவிடும். தட்டுவதற்குச் சற்று முன்பே வெட்டிவிடுவாள். பார்க்கிறவர்கள் நம்பிவிடுவார்கள். ஒருநாள் இதை அவனிடமே சொன்னாள். அன்றிலிருந்து எதிரே இருப்பவர்களின் இமையைக் கவனிக்கிற பழக்கம் அவனைத் தொற்றிக்கொண்டது.

"என்ன ரிம்மா, என்னைக் கொன்னு முடிச்சாச்சா?"

அவள் சிரிக்கப் பார்த்தாள்.

"கோபமெல்லாம் இல்ல. வேற எவன் வெட்டியிருந்தாலும் கொதறி வச்சிருப்பான். கையை விட்டு வச்சிருக்கேன்னு போன வாரம் சொன்னே பாரு, அது போதும் எனக்கு. இங்க எல்லார்கிட்டயும் சொல்லி வச்சிருக்கேன். படம் வந்ததும் காட்டுவேன், பாருங்க, இது என் கைன்னு."

கையைத் தூக்கிக் காட்டினான். பெரிய கை. பாத்திரம் கழுவிக் கழுவி விரல்களில் தோல் வெளுத்து உரிந்திருந்தது.

இருக்கிறது என்று சொல்லிவிடலாம். படம் வெளியானால் தெரிந்துவிடும். ஊரார் முன்னால் உட்கார்ந்து அந்தக் கையைத் தேடிக்கொண்டிருப்பான்.

"கை இல்ல, சவேலி."

தூக்கிய கை மெல்ல இறங்கியது.

அவன் பக்கத்தில் எங்கேயோ குழாய் சொட்டிக்கொண்டிருந்தது.

"அதையும் எடுக்கச் சொன்னானுங்களா?"

ஆமாம் என்று சொல்லிவிடு என்று அவன் கெஞ்சுவதுபோல அவளுக்குத் தோன்றியது.

"ஆமா. சொன்னாங்க."

அவன் அவள் கண்களையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அவள் ஜன்னல் பக்கம் திரும்பினாள். வெளியே எதையோ பார்க்கிற மாதிரி. கொஞ்சம் தாமதமாகத் திரும்பிவிட்டாள்; அதற்குள் இமை தட்டிவிட்டது.

"முன்னாடியே வெட்டியிருக்கணும், ரிம்மா," என்றான்.

அவன் உள்ளங்கை கேமராவை நோக்கி வந்தது. திரை முழுக்கக் கை.

பிறகு அதுவும் இல்லை.