முயல் தேடிய இழை

காட்டுத் திருவிழாவில் தூக்கணாங்குருவி, நாளுக்கொரு இழையாக வருஷம் முழுக்க நெய்த துணியை விரித்தது. மழை பெய்த நாள் நீலம், குட்டி பிறந்த நாள் பச்சை, உயிர் தப்பிய நாள் சிவப்பு. போன வருஷமே கண்முன் கிடந்தது!

முயல் துள்ளிக்கொண்டு வந்தது. "நான் நரிக்குத் தண்ணி காட்டின நாள் எங்கே?"

"இதோ, இந்தச் சிவப்பு," என்றது குருவி.

"இவ்வளவு மெல்லிசாவா? எல்லாரும் பார்க்க வேண்டாமா!" முயல் இழையைப் பல்லால் கவ்வி இழுத்தது. துணி சுருங்கி, பக்கத்து நாட்கள் மடிப்புக்குள் மறைந்தன.

அதற்குள் மான்குட்டி ஓடிவந்தது. "முயல் மாமா, நான் பிறந்த நாளும் இதிலே இருக்காமே! எது, எது?"

முயல் சட்டென்று இழையை விட்டுவிட்டு, சுருக்கத்தை அவசர அவசரமாக நீவியது.

"இதோ பச்சை! எனக்கு அடுத்த நாளே நீதான்டா!"