மெஸ் ஹாலில் ஊமைப்படம்

கோழியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு திருடன் ஓட, போலீஸ்காரர் துரத்தினார். அவர் இடித்துத் தள்ளிய ரொட்டிக்காரரும், குழந்தை வண்டியோடு வந்த அம்மாளும் சேர்ந்து துரத்த, ஞானையா மனம்விட்டுச் சிரித்தார்.

அபுதாபி முசஃபா தொழிலாளர் கேம்ப்பின் மெஸ் ஹாலில், சுவரில் கட்டிய பெட்ஷீட்டில் ஓடிக்கொண்டிருந்தது நூறு வருடத்துக்கு முந்தைய லண்டன் ஊமைப்படம். மற்ற ஞாயிற்றுக்கிழமைகளில் பேசும் படம் ஓடும்போது, பக்கத்தில் இருப்பவர் சிரித்த பிறகுதான் ஞானையா சிரிப்பார். பதினெட்டு வருட கிரைண்டிங் சத்தம் அவருடைய இரண்டு காதையும் தின்றுவிட்டது. வாயசைவைப் பார்த்தே இதுவரை ஒப்பேற்றிவிட்டார்.

ஃபோர்மேன் கௌஸ் முகைதீனுக்குத் தெரிந்தால் தொலைந்தது. கூட வேலை பார்த்த, கண் மங்கிய பாலமுரளியை ஒரே வாரத்தில் விசா கேன்சல் செய்து ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். மகள் சுபிஷாவின் நர்சிங் படிப்பு முடிய இன்னும் ஒரு வருடம் இருக்கிறது.

கௌஸ் முகைதீன் பொல்லாத மனிதர். யாராவது குனிந்தபடி பதில் சொன்னால், "எங்கிட்ட பேசுறப்ப என் மூஞ்சியப் பாத்துப் பேசு!" என்று எரிந்து விழுவார். என்ன திமிர்! இந்தப் படத்தைத் தேர்ந்தெடுத்தவரும் அவர்தான்.

"வசனமே இல்லாத படமா பாய்?" என்று படம் போடும் மணிகண்டன் அலுத்துக்கொண்டதற்கு, "பெங்காலி, பட்டான் எல்லாரும் பாக்க வேணாமா? யல்லா, சீக்கிரம் போடு" என்று அடக்கிவிட்டார்.

திரையில் திருடன் குளத்தில் விழுந்தான். துரத்தி வந்த கூட்டமும் ஒவ்வொருவராக அவன்மேல் விழுந்தது. தொடையைத் தட்டிச் சிரித்த ஞானையா திரும்பிப் பார்த்தார்.

யாருமே சிரிக்கவில்லை. எல்லோரும் முகத்தைச் சுளித்துக் காதுகளைப் பொத்திக்கொண்டிருந்தார்கள். பியானோ இசை வந்துகொண்டிருந்த ஸ்பீக்கரின் வயரைப் பிடுங்க மணிகண்டன் ஓடினான். அது வீறிட்டிருக்க வேண்டும்.

ஞானையா பதறிப்போய்த் தன் காதுகளைப் பொத்தினார். முன்வரிசையிலிருந்து கௌஸ் முகைதீன் திரும்பி, அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அவரும் மெல்லக் கைகளைத் தூக்கிக் காதுகளைப் பொத்திக்கொண்டார்.

கேலி செய்கிறார். கண்டுபிடித்துவிட்டார்.

படம் முடிந்ததும் கௌஸ் முகைதீன் அவர் தோளைத் தொட்டு வெளியே அழைத்துப்போனார். தண்ணீர் டேங்கின் அருகே நின்று சுற்றுமுற்றும் பார்த்தார்.

"பாய், எம் பொண்ணு படிப்பு..." என்று ஞானையா ஆரம்பிப்பதற்குள், கௌஸ் முகைதீன் அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டார். ஞானையா அந்த உதடுகளையே பார்த்தார்.

"நீ பொத்துனதப் பாத்துத்தான் நானும் காதப் பொத்துனேன். எனக்குக் கேக்காதுன்னு ஆபீஸ்ல சொல்லிராத, ஞானையா!"