என் பிரதி ஆஜரான விசாரணை

இப்போதெல்லாம் நோட்டீஸ் வந்தால் நாம் அலைய வேண்டாம். நம்மைப் போலவே பேசும் கணினிப் பிரதி விசாரணைக்கு ஆஜராகிவிடும். வேலையில் இருந்த காலம் முழுக்க நான் அளந்த கதைகளையெல்லாம் ஊட்டி என் பிரதியை வளர்த்திருந்தேன். பிரம்மாவே பொறாமைப்படும் பிள்ளை!

என் மொட்டைமாடித் தகரக் கொட்டகையை அகற்ற மாநகராட்சியிடமிருந்து நோட்டீஸ் வந்தது. அங்கே குடியிருந்து தைத்துப் பிழைப்பவள் குணவதி.

"பாத்துப் பேசச் சொல்லுங்க சார்."

"என் பிரதி வாயைத் தொறந்தா, அவங்களே உனக்கு அரண்மனை கட்டித் தருவாங்கம்மா!"

இன்று காலை இடிக்கும் இயந்திரம் வந்து, விசாரணையின் பதிவை வாசலில் ஒலிபரப்பியது. அச்சு அசல் என் குரல்.

"கொட்டகையா? போனா போகுது! காசியிலேருந்து கன்னியாகுமரி வரைக்கும் எனக்கு வீடுதான்!"

பாதிப்பு யாருக்கும் இல்லை, இடிக்கலாம் என்று உத்தரவு.

"குடியிருக்கறவளை ஒரு வார்த்தை கேக்கலியா?" என்றாள் குணவதி.

"உரிமையாளரைக் கேட்டாயிற்று" என்றது இயந்திரம்.

என்னால் தலை நிமிர முடியவில்லை.

"யானையையே மாடி ஏத்துவேன்னு சொல்வீங்களே சார், இந்தத் தையல் மிஷினை ஒரு பக்கம் பிடிங்க. எறக்கணும்."

பிடித்தேன். இரண்டு படி இறங்குவதற்குள் மூச்சு வாங்கியது. குணவதி என் கையிலிருந்து வாங்கி, தானே சுமந்துகொண்டு இறங்கினாள்.