பூட்டை மாத்துங்க!

"மூச்சு விடாதீங்க... யாரோ பூட்டுல சாவி போடுறாங்க."

மனைவி அவன் சட்டையை இறுக்கிப் பிடித்தாள். கணவன் இருட்டில் கதவில் காதை வைத்தான். காலையில்தான் வீடு மாறியிருந்தார்கள். அலுப்புத் தீர வெளியே சாப்பிட்டுவிட்டு இருட்டும் நேரத்தில் திரும்பினால், முதல் சாவி சேரவே இல்லை. அடுத்த சாவியில் கதவு திறந்தது. சுவிட்சுக்குத் தானாகக் கை போனது, ஆனால் விளக்கு எரியவில்லை. இரண்டு போனிலும் சார்ஜ் இல்லை.

"பூட்டை மாத்துங்கன்னு தலைபாடா அடிச்சுக்கிட்டேனே! முன்ன குடியிருந்தவங்க ஒரு சாவி வச்சிருப்பாங்க. நம்ம சாமானைச் சுருட்டத்தான் வந்திருக்காங்க!"

"சும்மா இரு. சாவியைத் திருப்பிக் குடுக்காம எவனாவது போவானா?"

"ஏன் போக மாட்டான்? முதல்ல டார்ச்சைத் தேடுங்க."

தலைக்கு மேல் அடுக்கியிருந்த அட்டைப் பெட்டிகளில் ஒன்றை இழுத்துக் கிழித்தான். கையில் உருண்டையாக ஏதோ தட்டுப்பட்டது.

"ஹெல்மெட்டா? நம்மகிட்ட ஏது ஹெல்மெட்?"

"பெட்டியை மாத்தி இறக்கிட்டானுங்களா, பாவிங்க! சரி, மாட்டிக்குங்க. மண்டையாவது தப்பும்."

பூட்டு திறந்தது. கதவு ஓர் அங்குலம் உள்ளே வந்து, அவள் மாட்டியிருந்த சங்கிலியில் இடித்து நின்றது. வெளியே குசுகுசுவென்று பேச்சு. ஒருவர் இல்லை, இரண்டு பேர்!

"போச்சுங்க. பத்து வருஷமா ஒண்ணொண்ணா வாங்கின சாமான்..." அவள் அழ ஆரம்பித்தாள்.

அந்த அழுகையைத் தாங்க முடியாமல்தான் அவனுக்கு வீரம் வந்தது. மூலையில் கிடந்த துடைப்பத்தை எடுத்துக்கொண்டு, சங்கிலியைக் கழற்றிக் கதவை இழுத்தான்.

"யார்றா அது?" குரல் கீச்சென்றுதான் வந்தது.

படிக்கட்டு விளக்கு வெளிச்சத்தில் ஓர் ஆள் குடையை ஓங்கியபடி பின்வாங்கினார். அவர் முதுகுக்குப் பின்னால் ஒரு பெண்.

குடைக்காரர் முதலில் ஹெல்மெட்டைப் பார்த்தார். "அது என்னோடது." பிறகு உள்ளே இருந்த முகத்தைப் பார்த்தார். "சார்... நீங்க காலையில இந்த வீட்டைக் காலி பண்ணிட்டு மேல் மாடிக்குக் குடிபோனவர்தானே?"

கணவன் கதவு எண்ணைப் பார்த்தான். பத்து வருஷப் பழக்கத்தில் கால்கள் இரண்டாவது மாடியிலேயே நின்றுவிட்டிருந்தன. பல்புகளைக் காலையில் கழற்றிக்கொண்டு போனதும் அவனேதான்.

பின்னாலிருந்த பெண் குடைக்காரரின் விலாவில் இடித்தாள். "பாத்தீங்களா? பூட்டை மாத்துங்கன்னு தலைபாடா அடிச்சுக்கிட்டேனே!"