ஏகமனதாக

“பிரிஞ்சு போக விரும்பிற சனத்தைக் கட்டிப் பிடிச்சு வைச்சிருக்க ஆருக்கும் உரிமை இல்லை!”

அருட்பிரகாசம் மேசையில் ஓங்கிக் குத்தினார். சத்தம் மாட்ரிட் வரை கேட்டிருக்கும் என்ற திருப்தியோடு ஒரு மிடறு தண்ணீர் குடித்தார்.

2006 ஜூன் மாதத்து ஞாயிறு மதியம். கூடுதல் அதிகாரம் கேட்டு ஸ்பெயினின் கட்டலோனியாவில் அடுத்த கிழமை வாக்கெடுப்பு. அதை லண்டனில் இருந்தே நடத்தி முடித்துவிடும் உத்தேசத்தில், அருகருகே இருக்கும் இரண்டு பகுதிகளுக்குமான செவன் கிங்ஸ் - குட்மேய்ஸ் தமிழர் மன்றம் வாடகை மண்டபத்தில் கூடியிருந்தது. அருட்பிரகாசம் பதினொரு வருடத் தலைவர்.

மேடையில் பொன்னாடையோடு ஓரியோல். “கட்டலோனிய மக்களின் பிரதிநிதி” என்று நோட்டீஸ் சொன்னது. லண்டனுக்கு ஆங்கிலம் படிக்க வந்த தன்னை யார் தெரிவு செய்தார்கள் என்று அவருக்குத் தெரியவில்லை. ஆனால் வடை நன்றாக இருந்தது.

அன்றைய ஆதரவுத் தீர்மானம் ஸ்பெயின் தூதரகத்துக்குப் போக வேண்டும். அதில் ‘ஏகமனதாக’ என்ற சொல் இருந்தே ஆக வேண்டும். அந்தச் சொல்லுக்குத்தான் வழி இல்லை.

காரணம், பின்வரிசைக் குட்மேய்ஸ்காரர். எந்த விழாவிலும் சமையல் தங்களுக்கு, மேடை செவன் கிங்ஸ்காரருக்கு என்ற மனக்குறை அவர்களுக்கு. அதனால் எதைக் கொண்டுவந்தாலும் எதிர்த்தே கை உயர்த்துவார்கள். பதினொரு வருடத்தில் ஒரு இரங்கல் தீர்மானம்கூட ஏகமனதாக நிறைவேறியதில்லை.

செயலாளர் ஞானேஸ்வரன் தீர்மானத்தை வாசித்து முடித்ததும், குட்மேய்ஸ் தவமலர் எழும்பினார்.

“தொடங்கிட்டா,” என்று முணுமுணுத்தார் செயலாளர்.

“ஒரு சின்னத் திருத்தம், அண்ணை. கட்டலோனியா எண்டு மட்டும் போட்டால் தனிநாடு கேக்கிற பாஸ்க் சனம் கோவிக்கும். அவையளையும் போட்டால் ஸ்கொட்லாந்துக்காரர் கோவிப்பினம். ஒருத்தற்ர பேரும் வேண்டாம். ‘எந்த மக்களும்’ எண்டு பொதுவாப் போடுங்கோ.”

தலைவர் அசந்துபோனார். “பாத்தியளே, உலகப் பார்வை! தங்கச்சி, இவ்வளவு நாளும் எங்கை ஒளிச்சு வைச்சிருந்தனீங்கள்?”

“குசினி அடுப்படியிலதான், அண்ணை.”

சபை சிரித்தது. உற்சாகத்தில் தலைவரே பேனாவை வாங்கி, “இந்த நிமிடம் முதல்” என்று தன் பங்குக்குச் சேர்த்துவிட்டுக் கம்பீரமாக வாசித்தார்:

“பிரிந்து செல்ல விரும்பும் எந்த மக்களையும், இந்த நிமிடம் முதல், தனி அமைப்பாக இம்மன்றம் மனமுவந்து ஏற்றுக்கொள்கிறது. ஆதரிக்கிறவை கையைத் தூக்குங்கோ!”

முதலில் எழுந்தவை குட்மேய்ஸ் கைகள். பின்வரிசைப் பாலேந்திரா இரண்டு கையையும் தூக்கினார். “ஒண்டு காணும், பாலேந்திரா,” என்றார் ஞானேஸ்வரன். எதிர்த்து ஒரு விரல்கூட இல்லை.

அருட்பிரகாசத்தின் கண் கலங்கியது. கையொப்பமிட்டார், மன்ற முத்திரையை இரண்டு தரம் குத்தினார். ஓரியோலைக் கட்டிப்பிடித்துப் படமெடுத்துக்கொண்டு திரும்பியபோது மேசை வெறுமையாக இருந்தது.

தவமலர் தீர்மானத்தை மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டிருந்தார். பின்வரிசை முழுவதும் எழும்பி அவருக்குப் பின்னால் நின்றது.

“தங்கச்சி, அது ஸ்பெயினுக்குப் போற கடிதமல்லே!”

“அவையளுக்கு வேற ஒண்டு எழுதுங்கோ, அண்ணை. இதோட குட்மேய்ஸ் பிரிஞ்சிட்டுது.”