தெரியாது என்றவள்

கடலுக்குப் போன மகன் ஜெரோன் எட்டு மாதமாகத் திரும்பவில்லை. சுவரும் கம்பமும்கூடக் கேட்டதற்குப் பதில் பேசும் காலம் அது; அவன் எங்கே என்று ஜெசிந்தா எதைக் கேட்டாலும் பதில் மட்டும் தட்டாமல் வந்தது. கைப்பேசி, இறந்துவிட்டான் என்றது. அடுப்படிச் சுவர், மாலத்தீவில் இருக்கிறான் என்றது. பேருந்து நிறுத்தம்கூடத் தன் பங்குக்கு ஒன்று சொன்னது. எதுவும் ஒரு நொடி தயங்கவில்லை.

கடைசியில் துறைமுக நூலகத்துக்கு வந்தாள். நூலகர் தமயந்தியின் தலைக்கு மேல் ஐந்தாண்டுப் பயிற்சிச் சான்றிதழ் தொங்கியது. முழுவதையும் கேட்டுவிட்டு அவள் சொன்னாள்:

"எனக்குத் தெரியாதுக்கா."

ஜெசிந்தா நிமிர்ந்து பார்த்தாள். அந்தச் சொல்லைக் கேட்டு எத்தனை வருஷமாயிற்று!

"இதைச் சொல்லவாம்மா அஞ்சு வருசம் படிச்சீங்க?"

"மொத வருசம் பூரா இதைச் சொல்லத்தான் பழக்குனாங்க. மிச்ச நாலு வருசம், சொன்ன பிறகு எப்படித் தேடணும்னு." தமயந்தி எழுந்து, பழைய பதிவேடுகள் இருந்த அறையைத் திறந்தாள். "வாங்கக்கா, படகு கரையை விட்ட நாள்லேருந்து பார்ப்போம்."

ஜெசிந்தா உடனே உள்ளே போகவில்லை. வாசலுக்குத் திரும்பிப் போய், செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு வந்தாள்.